இரைப்பை அமில மாத்திரை: ஏன் சாப்பிடுகிறீர்கள்? எவ்வளவு காலம் தேவை?

ஓமெப்ரசோல் வகை மருந்துகளின் பக்க விளைவுகள் பற்றி மூத்தோருக்கான விளக்கம்

உங்கள் மருந்துப் பையில் ஓமெப்ரசோல் என்ற காப்ஸ்யூல் இருக்கிறதா? நெஞ்செரிச்சலுக்கும் இரைப்பைப் புண்ணுக்கும் பலதுறை மருந்தகங்களிலும் மருத்துவமனைகளிலும் அடிக்கடி கொடுக்கப்படும் மருந்து இது. பலர் இதைக் ‘காஸ்ட்ரிக் மாத்திரை’ என்று சொல்வார்கள்.

இது நல்ல மருந்து. சரியான காரணத்துக்குச் சரியான காலம் உட்கொண்டால் புண்ணை ஆற்றும். இரத்தக் கசிவைத் தடுக்கும். ஆனால் சில வாரங்களுக்கு என்று தொடங்கிய மருந்து, காரணம் மறந்துபோய், பல ஆண்டுகள் தொடர்வதும் உண்டு. அப்படித் தொடரும்போதுதான் சில பக்க விளைவுகள் மெல்ல மெல்ல வருகின்றன. அவற்றை முதுமையின் தளர்ச்சி என்று நினைத்து விட்டுவிடுவதும் எளிது.

எனவே, இந்த மருந்தை உட்கொள்ளும் ஒவ்வொருவருக்கும் இரண்டு கேள்விகளுக்குப் பதில் தெரிந்திருக்க வேண்டும். இதை நான் ஏன் சாப்பிடுகிறேன்? எவ்வளவு காலம் சாப்பிட வேண்டும்? அந்தப் பதிலை உங்கள் மருத்துவரிடமிருந்து பெற இந்தக் கையேடு உதவும்.

இது எப்படி வேலை செய்கிறது?

நாம் உண்ணும் உணவைச் செரிக்க இரைப்பை அமிலத்தைச் சுரக்கிறது. உணவோடு உள்ளே போகும் கிருமிகள் பலவற்றைக் கொல்வதும் இந்த அமிலம்தான். இரைப்பையின் உட்சுவரில் அமிலத்தை வெளியேற்றும் மிகச் சிறிய ‘பம்ப்’கள் உள்ளன. ஓமெப்ரசோல் அவற்றை அடைத்துவிடுகிறது. அமிலம் குறைவதால் புண் ஆறுகிறது, எரிச்சல் தணிகிறது.

இதே வகையைச் சேர்ந்த மற்ற மருந்துகள் எஸோமெப்ரசோல், லான்சோப்ரசோல், பான்டோப்ரசோல், ரபெப்ரசோல். இந்த ஐந்து பெயர்களுமே ‘ப்ரசோல்’ என்று முடிகின்றன. பெட்டியில் பெரிய எழுத்தில் இருப்பது நிறுவனம் வைத்த பெயராக இருக்கலாம். அதற்குக் கீழே சிறிய எழுத்தில் இருக்கும் பெயரைப் பாருங்கள். இரண்டு மருத்துவர்கள் இரண்டு வெவ்வேறு பெயர்களில் இதே வகை மருந்தைக் கொடுத்திருந்தால், இரண்டையும் சேர்த்து உட்கொள்ளாதீர்கள். மருந்தாளரிடம் இரண்டையும் காட்டிக் கேளுங்கள்.

எவ்வளவு காலம் உட்கொள்ள வேண்டும்?

அது நோயைப் பொறுத்தது. பொதுவாக இப்படி இருக்கும்:

• நெஞ்செரிச்சல், அமிலம் மேலே வருதல்: 4 முதல் 8 வாரங்கள்.

• இரைப்பைப் புண்: 4 முதல் 8 வாரங்கள். சிறுகுடலின் தொடக்கத்தில் வரும் புண்ணுக்கு இதைவிடக் குறைந்த காலமே போதுமானதாக இருக்கலாம்.

• ஹெலிகோபாக்டர் பைலோரி என்ற கிருமியால் வந்த புண்: நுண்ணுயிர்க்கொல்லி மருந்துகளுடன் சேர்த்து 7 முதல் 14 நாள்கள். புண் இருந்தால் அதன் பிறகும் சில வாரங்கள் தொடரலாம்.

இந்தக் கிருமியைப் பற்றி ஒரு சொல். இரைப்பைப் புண்ணுக்குக் காரமும் கவலையும்தான் காரணம் என்று நெடுங்காலம் நம்பப்பட்டது. 1980களில் ஆஸ்திரேலிய மருத்துவர்கள் பேரி மார்ஷல், ராபின் வாரன் இருவரும் பெரும்பாலான புண்களுக்கு ஒரு கிருமியே காரணம் என்று காட்டினார்கள். அதற்காக 2005ஆம் ஆண்டில் அவர்களுக்கு நோபல் பரிசு கிடைத்தது. கிருமியை ஒழித்துவிட்டால் புண் திரும்பி வரும் வாய்ப்பு பெரிதும் குறைகிறது. ஆகவே, பல ஆண்டுகளாகக் ‘காஸ்ட்ரிக்’ தொல்லை இருந்தும் இந்தக் கிருமிக்கான சோதனையைச் செய்ததே இல்லை என்றால், மருத்துவரிடம் அதைப் பற்றிக் கேளுங்கள்.

சிலருக்கு இந்த மருந்து நெடுங்காலம் தேவைப்படும். உங்கள் மருத்துவர் பின்வரும் காரணங்களில் ஒன்றுக்காக இதைக் கொடுத்திருக்கலாம்:

• முன்பு இரைப்பையில் இரத்தக் கசிவு ஏற்பட்டிருக்கிறது.

• இதய நோய்க்காகவோ பக்கவாதத்துக்குப் பிறகோ ஆஸ்பிரின் போன்ற மருந்தை நாள்தோறும் உட்கொள்கிறீர்கள். இரத்தக் கசிவு அபாயமும் உங்களுக்கு அதிகம்.

• மூட்டுவலிக்கு வலி நிவாரணி மருந்துகளைத் தொடர்ந்து உட்கொள்ள வேண்டியிருக்கிறது.

• அமிலத்தால் உணவுக்குழாய் கடுமையாகப் புண்பட்டிருக்கிறது, அல்லது அதன் உட்சுவர் மாறியிருக்கிறது.

இவர்களுக்கு இந்தக் காப்ஸ்யூல் ஒரு காவல். இதை நிறுத்துவதால் வரும் ஆபத்து, தொடர்வதால் வரும் ஆபத்தைவிடப் பெரிது.

சரியாக உட்கொள்ளும் முறை

பெரும்பாலோர் நாளுக்கு ஒருமுறை, காலை உணவுக்கு 30 நிமிடத்துக்கு முன்பு இதை உட்கொள்ள வேண்டும். எழுந்ததும் காப்ஸ்யூல், பிறகு குளியல், அதன் பிறகு பசியாறுதல் என்று பழகிக்கொள்வது எளிது. உணவு உண்ணும்போதுதான் அமிலப் பம்ப்கள் முழுவீச்சில் வேலை செய்யும். அந்த நேரத்தில் மருந்து உடலில் இருந்தால்தான் அவற்றைப் பிடிக்க முடியும். சாப்பிட்ட பிறகு உட்கொண்டால் பலன் குறையலாம்.

காப்ஸ்யூலை மெல்லாதீர்கள், பொடிக்காதீர்கள். உள்ளே இருக்கும் சிறு மணிகளின் மேல்பூச்சுதான் மருந்தை அமிலத்திலிருந்து காக்கிறது. விழுங்கச் சிரமமாக இருந்தால் மருந்தாளரிடம் சொல்லுங்கள். சில வகைகளைத் திறந்து கலக்கலாம், சிலவற்றைக் கூடாது.

முதல் நாளே முழுப் பலன் தெரியாது. சில நாள்கள் ஆகலாம். அதற்காக ஒன்றுக்கு இரண்டாக விழுங்காதீர்கள். ஒரு வேளை மறந்துவிட்டால், நினைவு வந்ததும் உட்கொள்ளுங்கள். அடுத்த வேளை நெருங்கிவிட்டால், விட்டதை விட்டுவிடுங்கள்.

ரமதான் நோன்பு நோற்பவர்களும் விரத நாள்களில் பட்டினி இருப்பவர்களும் மருந்தை எந்த வேளைக்கு மாற்றுவது என்று முன்கூட்டியே மருந்தாளரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

தொடக்கத்தில் வரக்கூடிய சிறு தொல்லைகள்

தலைவலி, வயிற்றுவலி, குமட்டல், வயிற்று உப்புசம், மலச்சிக்கல், வயிற்றுப்போக்கு ஆகியவை சிலருக்கு வரலாம். பெரும்பாலும் இவை லேசாக இருக்கும். சில நாள்களில் தாமாகவே அடங்கும். அடங்காவிட்டால் மருத்துவரிடம் சொல்லுங்கள். இதே வகையில் வேறொரு மருந்துக்கு மாற்றிப் பார்க்கலாம்.

நீண்ட காலம் உட்கொள்ளும்போது கவனிக்க வேண்டியவை

*1. வைட்டமின் பி12 குறைதல்*

உணவில் உள்ள பி12 சத்தைப் பிரித்தெடுக்க இரைப்பை அமிலம் வேண்டும். அமிலம் 2 ஆண்டுகளுக்கு மேல் குறைந்தே இருந்தால் இந்தச் சத்தும் உடலில் குறையலாம். பாத எரிச்சல், விரல்களில் மரத்துப்போன உணர்வு, களைப்பு, நாக்குப் புண், நடையில் தள்ளாட்டம், மறதி ஆகியவை இதன் அறிகுறிகள்.

இந்தியர்களிடையே இதற்குத் தனிக் கவனம் தேவை. நம்மில் பலருக்கு நீரிழிவு நோய் இருக்கிறது. அதற்குக் கொடுக்கப்படும் மெட்ஃபார்மின் மாத்திரையும் நாளடைவில் பி12 அளவைக் குறைக்கக்கூடும். சைவ உணவு மட்டும் உண்பவர்களுக்கு இந்தச் சத்து உணவிலிருந்து கிடைப்பதே குறைவு. மெட்ஃபார்மின், ஓமெப்ரசோல், சைவ உணவு மூன்றும் ஒருவரிடம் சேர்ந்துவிட்டால், மூன்று பக்கமிருந்தும் அந்தச் சத்து குறைகிறது. கால் மரத்துப்போனால் ‘சர்க்கரைதான் காரணம்’ என்று நீங்களே முடிவு செய்துவிடாதீர்கள். ஓர் இரத்தப் பரிசோதனையில் பி12 அளவு தெரிந்துவிடும். குறைந்திருந்தால் மாத்திரையாலோ ஊசியாலோ சரிசெய்யலாம். ஆனால் நரம்பு நீண்ட காலம் பாதிக்கப்பட்டுவிட்டால் முழுமையாகத் தேறாமல் போகலாம். அதனால் தாமதிக்க வேண்டாம்.

*2. மக்னீசியம் குறைதல்*

இது அடிக்கடி வருவதில்லை. பெரும்பாலும் ஓராண்டுக்கு மேல் உட்கொண்டவர்களிடம் காணப்படுகிறது. சிலருக்குச் சில மாதங்களிலேயே வரலாம். தசைப்பிடிப்பு, கை நடுக்கம், தலைசுற்றல், நெஞ்சு படபடப்பு ஆகியவை அறிகுறிகள். இதயத் துடிப்பு தாறுமாறாகும் அளவுக்கும் வலிப்பு வரும் அளவுக்கும் இது முற்றலாம். ஃபுரோசமைட் போன்ற நீர் மாத்திரைகளையோ டிகாக்சின் என்ற இதய மருந்தையோ சேர்த்து உட்கொள்பவர்களுக்கு அபாயம் கூடுதல். உங்களுக்கு மக்னீசியம் பரிசோதனை தேவையா என்று மருத்துவரிடம் கேளுங்கள்.

*3. எலும்பு முறிவு*

அதிக அளவில், ஓராண்டோ அதற்கு மேலோ இந்த மருந்தை உட்கொள்பவர்களிடம் இடுப்பு, மணிக்கட்டு, முதுகெலும்பு முறிவுகள் சற்று அதிகமாக இருப்பதாக ஆய்வுகள் காட்டியுள்ளன. எலும்பு ஏற்கெனவே பலவீனமாக இருப்பவர்களுக்கே இந்தக் கவலை முக்கியம். மாதவிடாய் நின்ற பெண்கள், முன்பு விழுந்து எலும்பை முறித்துக்கொண்டவர்கள், நீண்ட காலம் ஸ்டீராய்டு மருந்து உட்கொள்பவர்கள் ஆகியோர் இதில் அடங்குவர்.

கால்சியம் மாத்திரை உட்கொள்பவர் என்றால் மருந்தாளரிடம் அது எந்த வகை என்று கேளுங்கள். கால்சியம் கார்பனேட் உடலில் சேர அமிலம் தேவை. கால்சியம் சிட்ரேட் அமிலம் குறைவாக இருந்தாலும் சேரும்.

*4. கிருமித் தொற்றால் வயிற்றுப்போக்கு*

அமிலம் குறையும்போது உணவோடு வரும் கிருமிகள் உயிர் தப்பிக் குடலுக்குப் போகும் வாய்ப்பு கூடுகிறது. சரியாக வேகாத சிப்பி, நத்தை, இறைச்சி ஆகியவற்றைத் தவிருங்கள். அரைவேக்காட்டு முட்டையைவிட நன்றாக வெந்த முட்டை பாதுகாப்பானது. சமைத்த உணவை மணிக்கணக்கில் வெளியே வைத்துப் பிறகு உண்ணாதீர்கள்.

மருத்துவமனையில் தங்கிய பிறகோ நுண்ணுயிர்க்கொல்லி மருந்து உட்கொண்ட பிறகோ தண்ணீராகப் போகும் வயிற்றுப்போக்கு நிற்காமல் தொடர்ந்தால், கூடவே காய்ச்சலோ கடும் வயிற்றுவலியோ இருந்தால், வயிற்றுப்போக்கை நிறுத்தும் மாத்திரையை நீங்களாக வாங்கி உட்கொள்ள வேண்டாம். உடனே மருத்துவரைப் பாருங்கள். சி. டிஃபிசில் என்ற கிருமியால் குடல் அழற்சி ஏற்பட்டிருக்கலாம். மூத்தோருக்கு இது கடுமையாகக்கூடும்.

*5. சிறுநீரக அழற்சி*

அரிதாக வருவது, ஆனால் மருந்து தொடங்கிய சில வாரங்களிலும் வரலாம், மாதங்கள் கழித்தும் வரலாம். சிறுநீர் குறைதல், சிறுநீரில் இரத்தம், காய்ச்சல், தோல் தடிப்பு, காரணம் தெரியாத சோர்வு ஆகியவை இருந்தால் உடனே மருத்துவரிடம் செல்லுங்கள். காலத்தோடு கண்டுபிடித்து மருந்தை நிறுத்தினால் பெரும்பாலும் குணமாகும்.

வெயில் படும் இடங்களில் தோல் தடிப்பும் மூட்டுவலியும் சேர்ந்து வந்தாலும் மருத்துவரிடம் காட்ட வேண்டும்.

கேள்விப்படும் எல்லாவற்றுக்கும் அஞ்ச வேண்டுமா?

‘இந்த மாத்திரை சாப்பிட்டால் மறதி நோய் வரும்’, ‘மாரடைப்பு வரும்’ என்று கைத்தொலைபேசியில் செய்திகள் வரக்கூடும். இவற்றின் பின்னணியைப் புரிந்துகொள்வது நல்லது.

இந்த மருந்தை நெடுங்காலம் உட்கொள்பவர்கள் பெரும்பாலும் வயதானவர்கள். பல நோய்கள் உள்ளவர்கள். அவர்களுக்கு வேறொரு நோய் வந்தால் அது மருந்தால் வந்ததா, வயதாலும் மற்ற நோய்களாலும் வந்ததா என்று பிரித்துச் சொல்வது கடினம். அதைக் கண்டறிய வேண்டுமானால், ஒரு பாதியினருக்கு மருந்தும் மறு பாதியினருக்கு மருந்தில்லாத போலி மாத்திரையும் கொடுத்து ஒப்பிட வேண்டும். அப்படிச் செய்யப்பட்ட ஒரு பெரிய ஆய்வின் முடிவுகள் 2019ஆம் ஆண்டில் வெளிவந்தன. இதய நோயோ இரத்தக்குழாய் நோயோ உள்ள 17,000க்கும் மேற்பட்டவர்கள் அதில் பங்கேற்றனர். பான்டோப்ரசோல் உட்கொண்டவர்களும் போலி மாத்திரை உட்கொண்டவர்களும் ஏறத்தாழ 3 ஆண்டுகள் கவனிக்கப்பட்டனர். மறதி நோய், மாரடைப்பு, எலும்பு முறிவு, நாள்பட்ட சிறுநீரக நோய் ஆகியவற்றில் இரு தரப்பினருக்கும் பெரிய வேறுபாடு தெரியவில்லை. குடல் தொற்று மட்டுமே சற்றுக் கூடுதலாக இருந்தது. போலி மாத்திரை உட்கொண்டவர்களில் 1,000 பேருக்குச் சுமார் 10 பேர். மருந்து உட்கொண்டவர்களில் 1,000 பேருக்குச் சுமார் 14 பேர்.

இந்த ஆய்வு 3 ஆண்டுகளைப் பற்றியது. அதற்கு மேல் 10, 15 ஆண்டுகள் உட்கொண்டால் என்ன ஆகும் என்பதற்கு இது பதில் சொல்லாது. ஆகவே, தேவை இருப்பவர்கள் பயந்து நிறுத்த வேண்டாம். தேவை தீர்ந்தவர்கள் பழக்கத்துக்காகத் தொடர வேண்டாம்.

மற்ற மருந்துகளுடன் சேரும்போது

பின்வரும் மருந்துகளில் ஏதேனும் ஒன்றை நீங்கள் உட்கொண்டால் மருத்துவரிடமும் மருந்தாளரிடமும் கட்டாயம் சொல்லுங்கள்:

• கிளோபிடோகிரெல்: இதயக் குழாயில் ஸ்டென்ட் வைத்தவர்களுக்கும் பக்கவாதம் வந்தவர்களுக்கும் இரத்தம் உறையாமல் இருக்கக் கொடுக்கப்படுவது. ஓமெப்ரசோலும் எஸோமெப்ரசோலும் இதன் வேலையைக் குறைக்கலாம். மருத்துவர் வேறொன்றைத் தேர்ந்தெடுப்பார். நீங்களாக எதையும் நிறுத்தாதீர்கள்.

• வார்ஃபரின்: இரத்தம் உறையும் அளவைக் கூடுதலாகக் கண்காணிக்க வேண்டியிருக்கலாம்.

• லெவோதைராக்சின் என்ற தைராய்டு மருந்து, இரும்புச்சத்து மாத்திரை: இவை உடலில் சேர்வது குறையலாம்.

• டிகாக்சின், வலிப்பு நோய்க்கான ஃபெனிட்டாயின், மூட்டு நோய்க்கான மெத்தோட்ரெக்ஸேட்: இவற்றின் அளவு இரத்தத்தில் கூடலாம்.

ஹெலிகோபாக்டர் பைலோரிக்கான மூச்சுப் பரிசோதனைக்கு நாள் குறித்திருந்தால், இந்த மருந்தைப் பொதுவாக 2 வாரங்களுக்கு முன்பே நிறுத்த வேண்டும். இல்லாவிட்டால் கிருமி இருந்தும் இல்லை என்று முடிவு வரலாம். எப்போது நிறுத்துவது என்பதை மருத்துவர் சொல்வார்.

வலி மாத்திரையும் நாட்டு மருந்தும்

இரைப்பைப் புண்ணுக்கு இன்னொரு முக்கியக் காரணம் வலி நிவாரணி மாத்திரைகள். டிக்ளோஃபெனாக், ஐபுப்ரோஃபென், நப்ராக்சன், மெஃபனமிக் ஆசிட் ஆகியவை இந்த வகை. முழங்கால் வலிக்கு ஒரு மாத்திரை, அது வயிற்றை எரிப்பதால் இன்னொரு மாத்திரை என்று இரண்டும் நாள்தோறும் தொடர்ந்தால், வயிற்று மருந்தைக் குறைப்பதற்கு முன் வலி மருந்தைப் பற்றித்தான் பேச வேண்டும். பாரசிட்டமோல் போதுமா, தேய்க்கும் மருந்து உதவுமா, உடற்பயிற்சி சிகிச்சை பலன் தருமா என்று மருத்துவரிடம் கேளுங்கள்.

மூட்டுவலியை ‘உடனே பறக்கச் செய்யும்’ என்று நண்பர்களோ விற்பனையாளர்களோ கொடுக்கும் பொடிகளிலும் மாத்திரைகளிலும் கவனமாக இருங்கள். அப்படிப்பட்ட சில பொருள்களில் ஸ்டீராய்டும் வலி நிவாரணியும் சொல்லாமல் கலக்கப்பட்டிருப்பதைச் சிங்கப்பூரின் சுகாதார அறிவியல் ஆணையம் பலமுறை கண்டுபிடித்து எச்சரித்துள்ளது. ஓமெப்ரசோல் உட்கொள்ளும்போது இவற்றையும் சேர்த்துக்கொண்டால், உள்ளே புண் வளர்வது வெளியே தெரியாமல் போகலாம்.

ஊரிலிருந்து வாங்கி வந்த மருந்து

இந்தியாவுக்குப் போய் வரும்போது வயிற்று மருந்தை மொத்தமாக வாங்கி வருவது சிலரின் வழக்கம். அங்கே பான்டோப்ரசோலும் டோம்பெரிடோனும் ஒரே காப்ஸ்யூலில் சேர்ந்து விற்கப்படுகின்றன. டோம்பெரிடோன் குமட்டலுக்கான மருந்து. 60 வயதைத் தாண்டியவர்களுக்கும் இதய நோய் உள்ளவர்களுக்கும் அது இதயத் துடிப்பின் சீரைக் கெடுக்கும் அபாயம் உண்டு. அதை நாள்தோறும் மாதக்கணக்கில் உட்கொள்வது நல்லதல்ல. அமிலத்துக்கு மட்டும் என்று நினைத்து, தெரியாமலே இரண்டு மருந்துகளை விழுங்கிக்கொண்டிருக்கலாம். அந்த அட்டையை மருந்தாளரிடம் காட்டுங்கள். யாரும் உங்களைக் கடிந்துகொள்ள மாட்டார்கள்.

அலமாரியில் பழைய ரானிடிடின் மாத்திரைகள் கிடந்தால் உட்கொள்ள வேண்டாம். அவற்றில் சிலவற்றில் தேவையற்ற வேதிப்பொருள் கலந்திருந்ததால் 2019ஆம் ஆண்டில் சிங்கப்பூரில் அவை மீட்டுக்கொள்ளப்பட்டன.

நீங்களாக நிறுத்தாதீர்கள்

இதைப் படித்துவிட்டு நாளைக் காலையே மருந்தை நிறுத்திவிட வேண்டாம். அதற்கு இரண்டு காரணங்கள் உண்டு.

முதலாவது, உங்களுக்கு அது இன்னும் தேவைப்படலாம். ஆஸ்பிரினைத் தொடர்ந்துகொண்டு இதை மட்டும் நிறுத்தினால், எச்சரிக்கையே இல்லாமல் இரைப்பையில் இரத்தம் கசியலாம்.

இரண்டாவது, நீண்ட காலம் அடைபட்டிருந்த பம்ப்கள் திடீரென்று திறந்ததும், முன்பைவிட அதிகமாக அமிலம் சுரக்கலாம். சில வாரங்களுக்கு நெஞ்செரிச்சல் கடுமையாக இருக்கலாம். ‘மருந்து இல்லாமல் என்னால் இருக்க முடியாது’ என்று எண்ணி மறுபடியும் தொடங்குவோர் உண்டு. உண்மையில் அது பழைய நோயாக இல்லாமலும் இருக்கலாம். நிறுத்தியதன் எதிர்விளைவாக இருந்தால் நாளடைவில் அடங்கும்.

அதனால் மருத்துவர் படிப்படியாகக் குறைக்கச் சொல்லலாம். முதலில் அளவைப் பாதியாக்கலாம். பிறகு ஒருநாள் விட்டு ஒருநாள். பிறகு தேவைப்படும்போது மட்டும். இடையில் எரிச்சல் வந்தால் அமிலத்தைத் தணிக்கும் திரவ மருந்தோ ஃபாமோடிடினோ கொடுக்கலாம். சிறுநீரக நோய் உள்ளவர்கள் கடையில் கிடைக்கும் அமிலத் தணிப்பு மருந்துகளைக் கேட்காமல் வாங்காதீர்கள். அவற்றில் சிலவற்றில் உள்ள மக்னீசியமும் அலுமினியமும் உடலில் தேங்கிவிடும்.

மருந்தைக் குறைக்க உதவும் பழக்கங்கள்

• இரவு உணவை உறங்கப் போவதற்கு 2 முதல் 3 மணி நேரத்துக்கு முன்பே முடித்துவிடுங்கள். உணவங்காடியில் பின்னிரவு ‘சப்பர்’ வேண்டாம்.

• ஒரே வேளையில் வயிறு நிறைய உண்ணாமல், சிறிது சிறிதாக உண்ணுங்கள்.

• கட்டிலின் தலைப்பக்கக் கால்களுக்கு அடியில் உறுதியான கட்டை வைத்து 15 முதல் 20 சென்டிமீட்டர் உயர்த்துங்கள். தலையணையை மட்டும் அடுக்கினால் வயிறு மடங்கி எரிச்சல் கூடலாம்.

• உடல் எடை அதிகமாக இருந்தால் குறையுங்கள். புகைபிடிப்பதையும் மதுவையும் விடுங்கள்.

• எல்லாக் காரமும் எல்லாருக்கும் ஆகாது என்பதில்லை. எதை உண்டால் உங்களுக்கு எரிகிறது என்று 2 வாரம் குறித்துப் பாருங்கள். வறுத்த பலகாரம், புளிப்பு, காப்பி, தே தாரிக் ஆகியவற்றில் எது காரணம் என்று தெரிந்தால், அதை மட்டும் குறைத்தால் போதும்.

இவற்றைக் கண்டால் காத்திருக்க வேண்டாம்

உடனே 995 எண்ணை அழையுங்கள்:

• நெஞ்சில் அழுத்தும் வலி, கை, தாடை, முதுகு ஆகியவற்றுக்குப் பரவும் வலி, மூச்சுத்திணறல், குளிர்ந்த வியர்வை. இதை ‘வாயு’ என்று நினைத்து ஓமம் மென்றுகொண்டிருக்காதீர்கள். மாரடைப்பும் இப்படித்தான் தொடங்கும். பெண்களுக்கும் நீரிழிவு உள்ளவர்களுக்கும் வலி குறைவாகவோ மேல்வயிற்றில் மட்டுமோ இருக்கலாம்.

• இரத்த வாந்தி, அல்லது காப்பித் தூள் போன்ற நிறத்தில் வாந்தி.

• தார் போன்ற கறுத்த மலத்துடன் தலைசுற்றலோ மயக்கமோ.

• முகம், உதடு, நாக்கு வீங்கி மூச்சுவிடச் சிரமம்.

• வலிப்பு.

அன்றே மருத்துவரைப் பாருங்கள்: கறுத்த மலம், கடும் வயிற்றுப்போக்கு, சிறுநீர் மிகவும் குறைதல், நெஞ்சுப் படபடப்பு. இரும்புச்சத்து மாத்திரையாலும் மலம் கறுக்கலாம். ஆனால் அதுதான் காரணம் என்று நீங்களே தீர்மானிக்க வேண்டாம்.

விரைவில் சந்திப்புக்கு ஏற்பாடு செய்யுங்கள்: விழுங்கும்போது உணவு சிக்குதல், காரணமில்லாமல் எடை குறைதல், பசியின்மை, தொடர்ந்து வாந்தி. இந்த மருந்து வலியைத் தணித்து, இரைப்பைப் புற்றுநோயின் தொடக்க அறிகுறிகளை மறைத்துவிடக்கூடும். மருந்தால் வலி குறைந்திருந்தாலும் இந்த அறிகுறிகளை மருத்துவரிடம் சொல்ல வேண்டும்.

அடுத்த சந்திப்பில் கேட்க வேண்டிய கேள்விகள்

வீட்டில் உள்ள எல்லா மருந்துகளையும் ஒரு பையில் போட்டு எடுத்துச் செல்லுங்கள். கடையில் வாங்கியவை, ஊரிலிருந்து வந்தவை, நாட்டு மருந்துகள், சத்து மாத்திரைகள் எல்லாம் அதில் இருக்கட்டும். பிறகு இவற்றைக் கேளுங்கள்:

1. இந்த மருந்தை எனக்கு எந்தக் காரணத்துக்காகக் கொடுத்தீர்கள்?

2. அந்தக் காரணம் இப்போதும் இருக்கிறதா?

3. இதை எப்போது நிறுத்தலாம், அல்லது எப்போது குறைக்கலாம்?

4. எனக்குப் பி12, மக்னீசியம், எலும்பு அடர்த்திப் பரிசோதனைகள் தேவையா?

5. என்னுடைய மற்ற மருந்துகளோடு இது ஒத்துப்போகுமா?

மருத்துவருக்கு நேரம் இருக்காது, தொந்தரவு செய்யக்கூடாது என்று தயங்காதீர்கள். ‘டாக்டர், இதை நான் ரொம்ப நாளாகச் சாப்பிடுகிறேன், இன்னும் வேண்டுமா?’ என்ற ஒரே கேள்வி போதும், பேச்சு தொடங்கிவிடும். ஆங்கிலத்தில் பேசச் சிரமமாக இருந்தால் மகனையோ மகளையோ உடன் அழைத்துச் செல்லுங்கள். தமிழ் பேசும் ஊழியர் இருக்கிறாரா என்றும் கேட்கலாம்.

பதிலைக் காப்ஸ்யூல் பெட்டியின் மேலேயே பேனாவால் எழுதி வைத்துக்கொள்ளுங்கள்: காரணம், தொடங்கிய நாள், மறுபரிசீலனை செய்ய வேண்டிய நாள். உங்களுக்கு மருந்து எடுத்துக் கொடுக்கும் குடும்பத்தாருக்கும் பணிப்பெண்ணுக்கும் அது தெரிந்திருக்கட்டும். நெடுங்காலம் உட்கொள்ள வேண்டியவர்கள் ஆண்டுக்கு ஒருமுறையாவது அந்தப் பெட்டியோடு மருத்துவரைப் பார்ப்பது நல்லது.

இக்கையேடு பொதுவான தகவலுக்கு மட்டுமே. உங்கள் உடல்நிலைக்கு ஏற்ற ஆலோசனையை உங்கள் மருத்துவரிடமோ மருந்தாளரிடமோ பெறுங்கள்.